அலுமாரிக்குள் இருந்த வீடுகள்

மற்றவர்களுடைய வீட்டை ஒரு பழுப்பு உறைக்குள் போட்டுப் பூட்டிவிட்டு, பின்னேரம் நாலேகாலுக்குக் கையெழுத்து வைத்து, பஸ் ஏறித் தன் வீட்டுக்குப் போய் நிம்மதியாகத் தேத்தண்ணி குடிக்கிற உத்தியோகம் என்னுடையது.

திருகோணமலையில் துறைமுகத்தைப் பார்த்த ஒரு அரசாங்கக் கந்தோரில், உரிமப் பிரிவில், பதினொரு வருடம் இருந்தேன். கந்தோரின் பெயர் வேண்டாம். நீங்கள் எல்லோரும் ஏதோ ஒரு கவுண்டருக்கு முன்னால் நின்று கால் கடுத்தவர்கள்தான். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தலை நிமிராமல் இருந்தவர்களில் நானும் ஒருத்தி. ஏசுவதென்றால் வாசித்து முடித்த பிறகு ஏசுங்கள். நானும் உங்களோடு சேர்ந்து ஏசுகிறேன்.

சாவி

வேலைக்கு வந்த முதல் நாள் தலைமை இலிகிதர் சிவபாதம் சேர் என்னிடம் ஒரு இரும்பு அலுமாரியின் சாவியைத் தந்தார். எங்கள் பக்கத்தில் ஆட்களை ஏற்றும் லோஞ்ச் படகு ஓட்டுவதற்கோ, இறங்குதுறையில் கடை போடுவதற்கோ, மண் ஏற்றும் வள்ளம் வைப்பதற்கோ உரிமம் எடுக்கிறவர், பிணையாக ஒரு வீட்டின் மூல உறுதியை வைக்க வேண்டும். உறுதி என்றால் காணிப் பத்திரம். கொண்டுவந்தவரின் கண்ணுக்கு முன்னால் அதை உறைக்குள் போட்டு, அரக்கு முத்திரை குத்தி, உரிமக்காரரின் பெயரை வெளியே எழுதி உள்ளே வைத்துவிடுவோம். உரிமக்காரர் முன்னால் இல்லாமல் உறையைப் பிரிக்கக் கூடாது.

உரிமம் முடிந்தால் உறுதியைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அது விதியில் தெளிவாக இருந்தது. எத்தனை நாளைக்குள் என்பதுதான் எழுதப்படவில்லை. பற்றுச்சீட்டு எங்கே, அந்தப் பிரிவின் கடிதம் எங்கே, இந்தப் பிரிவின் ஒப்பம் எங்கே என்று கேட்டுக் கேட்டே வருடக் கணக்கில் ஓட்டிவிடலாம் என்பதை நான் அந்தக் கதிரையில் இருந்துதான் படித்தேன். ஆனால் முதல் நாள் அலுமாரியைத் திறந்தபோது எனக்குப் பயமாக இருந்தது. ஐந்து தட்டு நிறைய வீடுகள். "இவ்வளத்தையும் நான் எப்பிடிப் பாத்துக்கொள்ளுறது சேர்?" என்று கேட்டேன்.

அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுச் சொன்னார்: "உறையில ஆருடைய பேர் இருக்கோ, அவற்ற கையில குடு பிள்ளை. மற்றதெல்லாம் கதை."

வருடத்துக்கு ஒரு தரம்

செல்லத்துரை அண்ணன் சாம்பல்தீவில் என் வீட்டுக்கு இரண்டு ஒழுங்கை தள்ளி இருப்பவர். காலைப் பஸ்ஸில் கண்டால் "தங்கச்சி" என்று கூப்பிட்டு இடம் பிடித்துத் தருவார். அதே மனிதர் கந்தோர்ப் படி ஏறிவிட்டால் "மிஸ்" என்பார். இறங்குதுறையில் வலைச்சாமான் விற்கிற சின்னக் கடை அவருடையது. தை மாதம் உரிமத்தைப் புதுப்பிக்க வருவார். வேலை முடிந்து, தாளை மடித்துப் பைக்குள் வைத்த பிறகும் போகமாட்டார். அலுமாரியையே பார்த்துக்கொண்டு நிற்பார். பிறகு, "ஒருக்கால் பாக்கலாமோ மிஸ்?" என்பார்.

பார்க்கலாம் என்றும் விதியில் இல்லை, பார்க்கக் கூடாது என்றும் இல்லை. நான் அவருடைய உறையை எடுத்து மேசையில் வைப்பேன். கையைச் சேட்டில் துடைத்துக்கொண்டு அரக்கைத் தடவிப் பார்ப்பார். பூச்சி கீச்சி அரித்திருக்கிறதா என்று நாலு மூலையையும் திருப்புவார். ஆஸ்பத்திரியில் ஆளைப் பார்க்க வந்தவர் மாதிரி பக்கத்தில் நிற்பார். முதல் வருடம் எனக்குச் சிரிப்பு வந்தது. மூன்றாம் வருடத்திலிருந்து, தை பிறந்ததும் அந்த உறையை மட்டும் தூசி தட்டி அடுக்கின் மேலே எடுத்து வைக்கத் தொடங்கினேன்.

உறையை என்னிடம் திருப்பித் தரும்போது அவர் எப்போதும் சொல்லுவது இதுதான்: "சுகமா இருக்கு மிஸ். வீட்டுக்காரி கேட்டா நான் மறுமொழி சொல்லவேணும் எல்லோ."

லோஞ்ச்காரரின் பெண்சாதி

ஹாஜரா ராத்தா மூதூரிலிருந்து வந்தார். முஸ்லிம் அக்காமாரை நாங்கள் ராத்தா என்போம். ஆவணி மாத வெயில். கறுப்பு அபாயாவின் கையை மடித்துவிட்டு, ஒரு பிளாஸ்டிக் பையை மடியில் வைத்துக்கொண்டு மர வாங்கில் இருந்தார். அவருடைய கணவர் முகைதீன், மூதூருக்கும் திருகோணமலைப் பட்டினத்துக்கும் இடையில் லோஞ்ச் ஓட்டியவர். பாலங்கள் கட்டி பஸ் ஓடத் தொடங்கியதும் லோஞ்சில் ஆள் குறைந்து, அவர் உரிமத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். உறுதியைக் கேட்டபோது எங்கள் ஆட்கள் அடுத்த கிழமை வரச் சொல்லியிருக்கிறார்கள். அடுத்த கிழமையும் அப்படியே. ஐந்தாறு அடுத்த கிழமைக்குப் பிறகு மனிதர் அலுத்துப்போய் வருவதை நிறுத்திவிட்டார். இரண்டு வருடத்துக்கு முதல் மௌத்தாகியும் போய்விட்டார்.

இப்போது ஒரே மகளுக்குக் கலியாணம் பேசியிருந்தது. நோன்புப் பெருநாள் கழிந்ததும் நிக்காஹ். எங்கள் பக்கத்தில், தமிழரோ முஸ்லிமோ, பெண்ணுக்குத்தான் வீடு. மாப்பிள்ளை அந்த வீட்டுக்கு வந்து இருப்பார். நிக்காஹுக்கு முதல் வீட்டை மகள் பெயரில் எழுத வேண்டும். எழுதுகிற நொத்தாரிசு மூல உறுதியைக் கேட்டார். மாப்பிள்ளை வீட்டாரும் அதைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்றார்கள். ராத்தாவிடம் பதிவகத்துப் பிரதி இருந்தது. மூல உறுதி என் அலுமாரியில், இரண்டாம் தட்டில், முகைதீன் என்று பெயர் எழுதிய உறைக்குள் இருந்தது.

"உரிமக்காரர் வரவேணும் ராத்தா," என்றேன். சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கு உறைத்தது. அவர் கோபப்படவில்லை. பையைத் தூக்கிக்கொண்டு எழும்பினார்.

"அவர் வர ஏலாது மிஸ். வந்தாலும் அவருக்குக் குடுக்கப்படாது. அது என்ட ஊடு."

பற்றுச்சீட்டு

அடுத்த முறை வந்தபோது பற்றுச்சீட்டைக் கேட்டேன். உறுதியை வாங்கி வைக்கும்போது நாங்கள் கொடுக்கிற மஞ்சள் தாள் அது. சண்டைக்குப் பயந்து மூதூரிலிருந்து சனமெல்லாம் இடம்பெயர்ந்த நாளில் அது போய்விட்டது என்றார். உடுத்த உடுப்போடு மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு நடந்தாராம். திரும்பி வந்தபோது வீட்டின் சுவர் இருந்தது, அலுமாரி இல்லை. மகள் பிறந்த பத்திரம், கலியாணப் பதிவு, முகைதீன் லோஞ்சின் முன்னால் நின்று எடுத்த படம், எல்லாமே போயிருந்தன.

பற்றுச்சீட்டைத் தவறவிட்டதாகச் சத்தியக் கடதாசி ஒன்று முடித்துத் தந்தால் போதும் என்று விதிப்படி சொன்னேன். சொல்லும்போது என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. அவர் தலையை ஆட்டிக் கேட்டுவிட்டு, அலுமாரியைக் காட்டி, என்னைத் தேற்றுகிற மாதிரிச் சொன்னார்.

"ஒரு வகைக்கு நல்லம் மிஸ். அண்டைக்கு உறுதி ஊட்டில இரிந்திரிந்தா அதுவும் போயிரிக்கும். நீங்க பத்திரமா வெச்சிரிந்தீங்க. இனித் தந்தாச் சரி."

மான் தின்ற கடிதம்

பட்டினத்து மான்களைப் பற்றி வெளியூர்க்காரருக்குச் சொன்னால் நம்பமாட்டார்கள். எங்களுக்கு அது காகம் மாதிரி. கந்தோர் வளவுக்குள் வரும், வேம்புக்குக் கீழே படுக்கும், கையில் இருக்கிற பையை இழுக்கும். ராத்தா சத்தியக் கடதாசியை முடித்துக்கொண்டு மூன்றாம் தரம் வந்தபோது சிவபாதம் சேர் கூட்டத்தில் இருந்தார். ஒரு மணித்தியாலம் செல்லும் என்றதும் ராத்தா வெளியே போய் மரநிழலில் இருந்தார். மடியில், கிராம சேவகர் எழுதிக் கொடுத்த கடிதம். இந்த வீட்டில் குடியிருப்பவர் இவர்தான், இவருடைய தாய்வழி வந்த வீடு இது என்று எழுதி முத்திரை குத்திய கடிதம். அதற்காக நாலு நாள் அலைந்திருந்தார்.

சத்தம் கேட்டு நான் ஜன்னலால் எட்டிப் பார்த்தேன். ஒரு கிழட்டு மான் முத்திரைப் பக்கத்திலிருந்து தின்னத் தொடங்கியிருந்தது. நான் ஓடிப்போய் மிச்சத்தைப் பிடுங்கினேன். மேல் பாதி, "சம்பந்தப்பட்டவர்களுக்கு" என்பது வரைக்கும், கையில் வந்தது. எனக்கு அழுகையா சிரிப்பா என்று தெரியவில்லை. "பரவாயில்ல ராத்தா, இன்னொரு கடிதம் எடுத்து வாங்கோ, நான் சேருக்குச் சொல்லி ஏற்பாடு செய்யிறன்," என்றேன்.

ராத்தா மானின் முதுகில் ஒரு தட்டுத் தட்டி விரட்டிவிட்டு என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"அது தின்னாட்டியும் நீங்க தரப் போறதில்ல மிஸ். பசியோட வந்த சீவன், அதாவது வயிறு நிறைஞ்சி போகட்டும்."

படிவத்தில் ஒரு வரி

உரிமக்காரர் இறந்துவிட்டால் அதற்கும் எங்களிடம் ஒரு படிவம் இருக்கிறது. உரித்தாளர்கள் எல்லோரும் ஒப்பம் வைத்தால் உறுதியைக் கொடுத்துவிடலாம். சிவபாதம் சேர் கெட்ட மனிதர் இல்லை. உத்தியோகத்திலிருந்து இளைப்பாற இரண்டு வருடம் இருக்கிற மனிதர், மேலிடத்திலிருந்து விளக்கம் கேட்டு ஒரு கடிதம் வந்துவிடக் கூடாது என்று மட்டும் பயந்துகொண்டிருந்தார். அவரே படிவத்தை எடுத்து வந்து ராத்தாவிடம் கொடுத்து, "இதில அவற்ற சகோதரங்களும் நீங்களும் மகளும் ஒப்பம் வையுங்கோ. அடுத்த கிழமை உறுதி உங்கட கையில," என்றார். இந்த அடுத்த கிழமை உண்மையான அடுத்த கிழமை. எனக்குத் தெரியும்.

ராத்தா படிவத்தை எழுத்துக் கூட்டி மெதுவாக வாசித்தார். "காலஞ்சென்றவருக்குச் சொந்தமான மேற்படி உறுதியை" என்ற இடத்தில் விரலை வைத்து நிறுத்தினார். பிள்ளை ஒரு மகள் மட்டும் என்றால், தகப்பனுடைய சொத்தில் அவருடைய சகோதரர்களுக்கும் பங்கு உண்டு. அது அவர்களுடைய மார்க்கச் சட்டம். அதில் ராத்தாவுக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் இந்த வீடு தகப்பனுடையது அல்லவே. தாய் தனக்கு எழுதிய உறுதி, அதை அவருக்காகப் பிணை வைக்கும்போது அந்த நாளில் இருந்த மிஸ் தன்னிடமும் ஒரு ஒப்பம் வாங்கினவ என்று சொன்னார். நான் பதிவுப் புத்தகத்தைப் புரட்டினேன். அதில் உரிமக்காரர் பெயருக்குத்தான் கட்டம் இருந்தது. பதிவகத்துப் பிரதியைக் காட்டினார். அதில் ராத்தாவின் பெயர் தெளிவாக இருந்தது. சேர் அதை இரண்டு தரம் வாசித்துவிட்டு, "இது சரிதான். ஆனா உறைக்குள்ள இருக்கிறது இதே உறுதிதான் எண்டு நாங்கள் எப்பிடிச் சொல்லுறது?" என்றார். உறையைப் பிரித்தால் தெரியும். உறையை முகைதீன் முன்னால்தான் பிரிக்கலாம்.

ராத்தா படிவத்தை வெறுமையாகத் திருப்பி வைத்தார். நிக்காஹுக்கு ஐந்து மாதம்கூட இல்லை என்று நான் ஞாபகப்படுத்தினேன்.

"மச்சான்மார் நல்லவங்கதான் மிஸ். நாளைக்கே கூப்பிட்டா வந்து ஒப்பம் வெப்பாங்க. ஆனா நானும் வெச்சா, இது அவர்ட ஊடு எண்டு நானே எழுத்தில சொன்னதாகிப் போகும். எங்கட உம்மா எனக்குத் தந்தத நான் எப்பிடி இல்லயெண்டு சொல்லுற?"

நானும் நின்றேன்

அந்த மாதம் என் அம்மாவின் மரணப் பத்திரத்தில் ஒரு திருத்தம் செய்ய வேண்டி வேறொரு கந்தோருக்குப் போனேன். அரை நாள் லீவு போட்டிருந்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த பிள்ளை நிமிர்ந்து பார்க்கவில்லை. என் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இன்னொரு பிரிவின் ஒப்பம் வேண்டும், அவர் இன்றைக்கு இல்லை, அடுத்த கிழமை வாங்கோ என்றது. நான் எத்தனையோ தரம் சொன்ன அதே சொல், அதே இழுவை. எனக்கு முகம் சூடாகிவிட்டது. நானும் கவுண்டரில் இருக்கிறவள்தான் என்று சொல்ல வாயெடுத்து, வெட்கத்தில் விழுங்கிவிட்டேன். நீங்கள் நின்ற இடத்தில் நானும் நின்றேன் என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். நன்றாகத்தான் கால் கடுத்தது.

எனக்குப் பின்னால் நின்ற தோப்பூர்க்காரர் ஒருவர், கையில் ஹெல்மெட்டோடு, என் காதுக்குக் கிட்டக் குனிந்து கேட்டார்: "தங்கச்சி, இவங்க எல்லாரும் ஒரே பள்ளிக்கூடத்திலயா படிச்ச?"

ஈரம்

மார்கழி மழை அந்த வருடம் ஒரேயடியாகக் கொட்டியது. கந்தோரின் கூரை ஒழுகி, அலுமாரியின் பின்பக்கம் நனைந்து, கீழ்த்தட்டு உறைகளில் ஈரம் ஏறிவிட்டது. தை மாதம் வெயில் கண்டதும் எங்களுக்கு ஒரு வழக்கம்: கோப்புகளை வெளி விறாந்தையில் பரப்பிக் காயவைப்பது. மான்களைத் துரத்துவதற்கு ஒரு ஆளும் தடியோடு இருக்க வேண்டும். அப்போதுதான் சிவபாதம் சேர் விதிக் கோவையைப் பார்த்து ஒன்று சொன்னார். நனைந்து பழுதான உறையை மாற்றலாம். இரண்டு உத்தியோகத்தர் முன்னிலையில் பிரித்து, உள்ளே இருப்பதைப் பதிந்து, புது உறையில் உறுதியின் சொந்தக்காரர் பெயரை எழுதி மூட வேண்டும். உரிமக்காரர் வரத் தேவையில்லை. நனைந்தவற்றை எடுத்து வைக்கச் சொல்லிவிட்டு அவர் தேத்தண்ணி குடிக்கப் போனார்.

நான் கீழ்த்தட்டிலிருந்து பதின்மூன்று உறைகள் எடுத்தேன். முகைதீனின் உறை இரண்டாம் தட்டில், பப்படம் மாதிரிக் காய்ந்து கிடந்தது. பதினொரு வருடத்தில் நான் ஒரு முத்திரையைக்கூடத் தலைகீழாகக் குத்தியதில்லை. எனக்கும் வீடு அம்மா எழுதித் தந்ததுதான். அந்த உறுதியை ஒருவர் பூட்டி வைத்துக்கொண்டு, இது உன் புருசனுடையது என்று ஒப்பம் வை என்று கேட்டால் நான் என்ன செய்வேன் என்று யோசித்தேன். பிறகு யோசிப்பதை விட்டுவிட்டு, நான் குடிக்கிற தண்ணீர்ப் போத்தலைத் திறந்து, உறையின் ஒரு மூலையில் கொஞ்சம் ஊற்றித் தேய்த்தேன். பதினான்காவது உறையாக அடுக்கின் நடுவில் செருகினேன்.

சேர் வந்து ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தார். அந்த உறை கைக்கு வந்ததும் நின்றார். மற்றதெல்லாம் பூஞ்சணம் பிடித்து மணத்தது; இதில் ஒரு மூலையில் மட்டும் புதுத் தண்ணீர். பெயரை வாசித்தார். என்னைப் பார்த்தார். மேசையில் மூடி இல்லாமல் நின்ற போத்தலையும் பார்த்தார். நான் வேலை போய்விட்டது என்றே நினைத்தேன். அவர் உறையைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து, நன்றாக ஆராய்ந்து, அடுக்கிலேயே திருப்பி வைத்தார்.

"ஓம் பிள்ளை. இதிலயும் நல்ல ஈரந்தான்."

உறைக்குள்ளே

அடுத்த நாள் காலை நானும் சேரும் இருந்து பிரித்தோம். முகைதீனின் உறையை முதலில் எடுத்தவர் அவர்தான். உள்ளே ராத்தாவின் பிரதியில் இருந்த அதே இலக்க உறுதி. தாய் மகளுக்கு நன்கொடையாக எழுதியது. அதோடு மடித்து வைத்த ஒரு தாள்: என் வீட்டை என் கணவரின் லோஞ்சுக்குப் பிணையாக வைக்கச் சம்மதிக்கிறேன் என்று எழுதி, கீழே ஹாஜரா என்ற ஒப்பம். எழுத்து இளம்பிள்ளையின் எழுத்துப் போல உருண்டையாக இருந்தது. அந்த நாளில் இருந்த மிஸ் உண்மையாகவே ஒப்பம் வாங்கித்தான் இருக்கிறா. சம்மதம் கேட்கும்போது கந்தோருக்கு ராத்தாவைத் தெரிந்திருக்கிறது. திருப்பிக் கொடுக்கும்போதுதான் தெரியாமல் போய்விட்டது. சேர் அந்தத் தாளைக் கீழே வைக்காமல் வெகுநேரம் கையிலேயே வைத்திருந்தார்.

பிறகு மற்ற உறைகளைப் பிரித்தோம். செல்லத்துரை அண்ணனுடையதும் அதில் இருந்தது. உறுதியில் இருந்த பெயர் அவருடைய வீட்டுக்காரியின் பெயர். மண் வள்ளக்காரர் ஒருவருடையதைப் பிரித்தால் அவருடைய மனைவியின் பெயர். இன்னொன்றில் மாமியின் பெயர். பதினான்கு உறையின் வெளியிலும் ஆண் பெயர், உள்ளே பதினான்கிலும் பெண் பெயர். வீடு பெண்ணுக்கு என்று எங்கள் பக்கத்துக் குழந்தைக்கும் தெரியும். எனக்குத் தெரியும், சேருக்குத் தெரியும். அவருடைய இரண்டு மகள்மாருக்கும் அவர் அப்படித்தான் எழுதியிருக்கிறார். இருந்தும் ஆண்கள் கொண்டுவந்து வைத்ததை ஆண்களுடையது என்று எழுதி இத்தனை வருடம் பூட்டியிருந்தோம். புது உறைகளில் நான் பெயர் எழுத எழுத அவர் அரக்கு வைத்தார். கடைசி உறை முடிந்ததும் கதிரையில் சாய்ந்தார்.

"இந்த அலுமாரிக்குள்ள ஒரு ஆம்பிளைக்கும் வீடில்லைப் போல கிடக்கு பிள்ளை."

ஒரு துண்டு

ராத்தாவுக்குத் தொலைபேசியில் சொன்னேன். அடுத்த நாளே முதல் பஸ்ஸில் வந்துவிட்டார். கிராம சேவகரிடம் இன்னொரு கடிதமும் எடுத்து, மானுக்கு எட்டாமல் அபாயாவுக்குள் வைத்துக் கொண்டுவந்திருந்தார். அது தேவைப்படவில்லை. உறையில் அவருடைய பெயர் இருந்தது. ஒப்பம் வாங்கி அவர் கையில் கொடுத்தேன். உறுதியை விரித்து, எழுத்தை வாசிக்காமல், கடைசிப் பக்கத்தில் இருந்த தாயின் கைநாட்டைத் தேடினார். அதன் மேல் தன் பெருவிரலை வைத்துப் பார்த்தார். அழவில்லை. நான்தான் கொப்பியைத் திருப்புகிற மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

அதோடு போவார் என்று நினைத்தேன். போகவில்லை. "எனக்கு ஒரு துண்டு எழுதித் தாங்க மிஸ்," என்றார். "என்ன துண்டு ராத்தா? உறுதியே கையில இருக்குதே," என்றேன். இது என்னுடைய வீடு, நீங்கள் வைத்திருந்தீர்கள், திருப்பித் தந்தீர்கள் என்று முத்திரை குத்தி ஒரு துண்டு வேண்டும் என்றார். இவ்வளவு நாளும் நாங்கள்தான் எல்லோரிடமும் துண்டு கேட்டோம். எங்களிடம் ஒருவரும் கேட்டதில்லை. அதற்குப் படிவமும் இல்லை. நான் சேரைப் பார்த்தேன். சேர் கந்தோரின் கடிதத் தாள் ஒன்றை எடுத்து என் பக்கம் தள்ளினார்.

நான் எழுதினேன்: "இந்த வீடு ஹாஜரா அவர்களுக்கு அவருடைய தாயார் எழுதிக் கொடுத்தது. லோஞ்ச் உரிமம் முடிந்த பிறகும் இதன் உறுதியை நாங்கள் கொடுக்காமல் வைத்திருந்தோம். வைத்திருக்க எங்களுக்கு உரிமை இருக்கவில்லை. இன்று உரியவரிடம் கொடுத்துவிட்டோம்." மூன்றாவது வரியை எழுதும்போது சேர் வெட்டச் சொல்லுவார் என்று காத்திருந்தேன். அவர் வாசித்தார், பேனையை எடுத்தார், ஒப்பம் வைத்தார், முத்திரையைத் தானே குத்தினார். ராத்தா எழுத்துக் கூட்டி நாலு வரியையும் வாசித்து முடித்தார். இது எதற்கு என்று நான் மறுபடியும் கேட்டேன். எனக்கு உண்மையிலேயே விளங்கவில்லை.

"நாளைக்கு நொத்தாரிசுக்கிட்ட போய் மகள்ட பேருக்கு எழுதிப் போடுவன் மிஸ். பிறகு உறுதியில நான் இல்ல. உம்மா தந்த நாளையில இரிந்து அது இங்கதான் இரிந்திச்சி, என்ட கையில ஒரு ராவு மட்டுந்தான் இரிக்கப் போகுது. இது என்ட ஊடா இரிந்த எண்டு எனக்கும் ஒரு எழுத்து வேணுமே."

பதினொரு வருடத்தில் நான் எழுதிய கடிதங்களில் ஒரு வரியும் பொய் இல்லாதது அந்த நாலு வரிதான். அதன் பிரதியைப் போட்டு வைக்கக் கந்தோரில் ஒரு கோப்பும் இல்லாததால், விதிக்கு மாறாக, அதை நானே என் வீட்டு அலுமாரியில் பூட்டி வைத்திருக்கிறேன்.